நாகைக் கருவாட்டு முறை பினாங்கில் ஏன் ஒத்துவருவதில்லை?

தெலுக் கும்பார்வாசி

அன்பர்களுக்கு வணக்கம். பினாங்குத் தீவின் தென்கரையில் குடியிருக்கிறேன். என் தாயார் நாகப்பட்டினத்துக்கு அருகில் ஒரு மீனவக் கிராமத்தில் பிறந்து, திருமணமாகி இங்கு வந்தவர். இங்கு வந்த பிறகும் வீட்டின் பின்கட்டில் பல ஆண்டுகள் கருவாடு போட்டார். ஊரில் எந்தப் பதத்தில் உப்பிட்டாரோ அதே பதத்தில்தான் இங்கும் உப்பிட்டார், அதே முறையில்தான் காய வைத்தார். ஆனால் நாகையில் ஆறு மாதம் கெடாமல் இருந்த பன்னாக் கருவாடு இங்கே சில வாரங்களிலேயே நசநசத்துப் போகும். சில சமயம் செந்நிறமாகப் படலம் கட்டும். மீனில் கொழுப்பு அதிகம் என்பார் ஒருவர், உப்பு சரியில்லை என்பார் இன்னொருவர்.

இந்தக் கரையில் நான் கவனித்த இன்னொன்றையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். உப்பைக் குறைவாகத் தூவி வெயிலில் மட்டும் காய வைத்த மீன் இங்கு மிக அரிது. நெத்திலியை அவித்துக் காய வைக்கிறார்கள். கெராகாவ் என்ற பொடி இறாலை இடித்துப் பெலாச்சான் என்ற இறால் விழுது ஆக்குகிறார்கள். குராவ் மீனை, அதாவது நம் காலா மீனை, உப்பில் புதைத்தே எடுக்கிறார்கள். மலாய்க்காரரும் சீனரும் தலைமுறை தலைமுறையாக இப்படிச் செய்வதற்குத் தக்க காரணம் இருக்கும் என்றே நினைக்கிறேன். தொழில் தெரிந்தவர்கள் விரிவாக எழுதினால், அம்மா விட்டுச்சென்ற முறையை இந்த மண்ணுக்கு ஏற்றபடி மீண்டும் தொடங்க விரும்புகிறேன்.

அக்கரைப்பேட்டை மகள்

அண்ணா, உங்கள் தாயாரின் கைப்பக்குவத்தில் குறை இருந்திருக்காது. நான் அந்தக் கரையில் பிறந்தவள். இப்போது ஆயர் ஈத்தாமில் இருக்கிறேன். எங்கள் வீட்டுப் பெண்கள் செய்ததை அப்படியே எழுதுகிறேன், மற்றவர்கள் காரணம் சொல்லட்டும்.

மீன் ஏலம் முடிந்து கைக்கு வந்ததும் முதல் வேலை கழுவுவது. பெரிய மீனை முதுகுப் பக்கமாகக் கீறுவோம். கத்தி தலையிலிருந்து வால் வரை நடுமுள்ளை ஒட்டியே போக வேண்டும். வயிற்றுத்தோல் அறுபடாமல் மீன் ஏடு போல விரிய வேண்டும். குடலையும் செவுளையும் எடுத்த பிறகு, நடுமுள்ளின் அடியில் கருஞ்சிவப்பாக ஒரு கோடு ஓடும். அது உறைந்த இரத்தம். அதைக் கட்டைவிரல் நகத்தால் தலைப்பக்கத்திலிருந்து வழித்து எடுத்துவிட்டுத்தான் உப்பைத் தொடுவார்கள். அந்தக் கோடு இருந்துவிட்டால் எவ்வளவு உப்பு போட்டாலும் முள்ளோரம் கசந்து நாறும். சதை கனத்த இடங்களில் சாய்வாகக் கீறி, கீறலுக்குள் உப்பை விரலால் அழுத்தித் திணிப்போம். தலைக்குள்ளும் கைப்பிடி உப்பு போகும்.

பிறகு சிமெண்டுத் தொட்டியில் அடியில் உப்புப் பரப்பி, மீனின் சதைப்பக்கம் மேலே பார்க்க அடுக்கி, ஒவ்வோர் அடுக்குக்கும் உப்பு தூவி, மேலே பனையோலைப் பாய் போட்டுக் கல் ஏற்றுவோம். மறுநாள் பார்த்தால் மீன் விட்ட நீரில் மீனே மூழ்கிக் கிடக்கும். நடுத்தர மீனுக்கு ஓரிரவும் ஒரு பகலும் போதும். திருக்கைக்கும் சுறாவுக்கும் கூடுதல் நாள் வேண்டும். எடுத்து, அந்த உப்பு நீரிலேயே அலசி, வலையின் மேல் விரிப்போம். முதல் நாள் மதியத்துக்குள் ஒரு முறையாவது புரட்டியாக வேண்டும். பொழுது சாய்வதற்கு முன் வாரியெடுத்துக் குவித்துப் பாயால் மூடிவிடுவோம். இரவில் குவியலாக இருக்கும்போது உள்ளிருக்கும் ஈரம் வெளியே வந்துவிடும், மறுநாள் வெயிலில் அது எளிதாகப் போய்விடும் என்று என் அத்தை சொல்வார்.

எங்கள் கரையில் ஆனி, ஆடியில் நிலத்திலிருந்து வீசும் கச்சான் காற்று வறண்டு சுடும். அந்தக் காற்றில் வாளைக் கருவாடு இரண்டே நாளில் தகடாகிவிடும். ஐப்பசி, கார்த்திகையில் மழை பிடித்துக்கொண்டால் தொட்டியிலிருந்து மீனை வெளியே எடுக்கவே மாட்டோம். பினாங்கில் எனக்கு ஆண்டு முழுவதும் ஐப்பசி போலவே தோன்றுகிறது.

உணவியல்_பங்சார்

சகோதரி எழுதிய கடைசி வரியில்தான் விடை இருக்கிறது. கோலாலம்பூரில் உணவுப் பதப்படுத்தல் துறையில் பணியாற்றுகிறேன். இதன் அறிவியலைச் சற்று விளக்குகிறேன்.

மீன் கெடுவதற்கு அதிலுள்ள மொத்த நீரை விட, நுண்ணுயிர் எடுத்துக்கொள்ளக்கூடிய நீரே காரணம். அதை நீர்ச்செயல்பாடு என்ற அளவால் குறிக்கிறோம். தூய நீருக்கு 1. புதிய மீனுக்கு ஏறக்குறைய 0.99. அது 0.90 அளவுக்கு இறங்கினால் மீனைக் கெடுக்கும் பெரும்பாலான பாக்டீரியாக்கள் நின்றுவிடும். நச்சு உண்டாக்கும் ஸ்டெஃபிலோகாக்கஸ் என்ற பாக்டீரியா 0.86 வரை தாங்கும். பூஞ்சைகளில் பல 0.80 வரையிலும் வளரும். உப்பு இதற்கு மேல் கரையாது என்ற நிலையை அடைந்த நீரின் அளவு 0.75.

இந்த 0.75 காற்றுக்கும் பொருந்துகிறது என்பதுதான் பினாங்குக்காரர்கள் மனத்தில் வைக்க வேண்டிய செய்தி. காற்றின் ஈரப்பதம் 75 விழுக்காட்டுக்குக் கீழே இருந்தால்தான் உப்பு ஊறிய மீன் காற்றுக்கு நீரை விடும். அதற்கு மேலே போனால் நடப்பது நேர்மாறு. உப்பு காற்றிலிருந்து நீரை இழுத்து மீனுக்குக் கொடுக்கும். பினாங்கின் சராசரி ஈரப்பதமே 80 விழுக்காட்டை ஒட்டியது. இரவிலும் விடியற்காலையிலும் 90ஐத் தொடும். காலை பத்து மணியிலிருந்து மாலை நான்கு வரை, மழை இல்லாத நாளில் மட்டும், அது 75க்குக் கீழே இறங்குகிறது. ஆண்டு மழையையும் பாருங்கள்: பினாங்கில் சுமார் 2,400 மில்லிமீட்டர், அது பெரும்பாலான மாதங்களுக்குப் பரவிக் கிடக்கிறது. நாகையில் கச்சான் காலத்தில் பகல் முழுவதும் காய்ந்த மீன், இங்கே ஐந்தாறு மணி நேரம் காய்ந்து, மூடாமல் விட்டால் இரவில் பாதியைத் திரும்பக் குடித்துவிடும்.

அம்மாவின் முறையில் உப்பு குறைவு, உலர்ச்சி அதிகம். வெயிலையும் வறண்ட காற்றையும் நம்பி உருவான முறை அது. இந்தக் கரையோ உலர்ச்சியை நம்ப முடியாத கரை. அதனால் இங்குள்ளவர்கள் கெடுதலைத் தடுக்கும் பொறுப்பை உப்பின் மீதும், அவிப்பதன் மீதும், நொதிக்க வைப்பதன் மீதும் ஏற்றிவிட்டார்கள்.

பங்கோர்_கணக்கப்பிள்ளை

பங்கோர் தீவில் ஒரு நெத்திலிக் களத்தில் நீண்ட காலம் கணக்கு எழுதியவன் என்ற முறையில், அவிப்பதைப் பற்றிச் சொல்ல எனக்குக் கொஞ்சம் இருக்கிறது.

நெத்திலியின் வயிறு மிக விரைவில் வெடித்துவிடும். அதன் குடலிலுள்ள செரிமான நொதிகளே சதையைக் கரைக்கத் தொடங்குகின்றன. அதனால் கரைக்குக் கொண்டுவரும் வரை காத்திருக்காமல், படகிலேயே பெரிய கொதிகலத்தில் உப்பு நீரைக் கொதிக்க வைத்து, மீனைத் தட்டுகளில் இறக்கிச் சில நிமிடங்களில் எடுத்துவிடுவார்கள். கொதிநீரில் நொதி செத்துவிடும், சதை இறுகிவிடும், நீரில் ஒரு பங்கும் அப்போதே வெளியேறிவிடும். கரைக்கு வந்த பிறகு வெயில் செய்ய வேண்டிய வேலை பாதிதான். மழை வந்து ஒரு நாள் தாமதமானாலும் அவித்த மீன் தாங்கும், பச்சை மீன் தாங்காது. கடையில் வாங்கும்போது வயிறு கிழியாமல், நெளியாமல் நேராக, வெள்ளிக்கோடு மங்காமல் இருக்கும் நெத்திலி வலையிலிருந்து நேராகக் கொதிநீருக்குப் போனது. வயிறு கிழிந்து மஞ்சளடித்தது தாமதித்து அவித்தது. விலையில் உள்ள வேறுபாடும் அதற்குத்தான்.

பொடி இறாலைப் பற்றியும் ஒரு வார்த்தை. தமிழ்நாட்டுக் கரையில் சென்னாக்கூனி என்று மணலில் பரப்பி ஒரே நாளில் உலர்த்தி எடுப்பது, இங்கே கெராகாவ் என்று பெலாச்சானுக்குப் போகும் அதே இனத்தைச் சேர்ந்த உயிரினம்தான். அங்கே வெயில் அதைச் சருகாக்கிவிடுகிறது. இங்கே உப்புச் சேர்த்து, அரைகுறையாக உலர்த்தி, இடித்து, புளிக்க வைத்து, மீண்டும் உலர்த்தி, மீண்டும் இடிக்கிறார்கள். முழுவதும் காயாத ஈரம் அங்கே ஒரு குறை. பெலாச்சானில் அந்த ஈரமே மணத்தை வளர்க்கிறது. பினாங்குப் பெலாச்சானுக்கு இருக்கும் பெயர் இந்தக் காற்றால் வந்தது என்று நான் துணிந்து சொல்வேன்.

செந்தூல் இல்லத்தரசி

நல்ல தகவல்கள். ஆனால் உப்பைக் கூட்டுங்கள் என்று பொதுவாகச் சொல்லிவிட்டுப் போவது எனக்குக் கவலையாக இருக்கிறது. நம் குடும்பங்களில் இரத்தக் கொதிப்பு இல்லாத வீடு குறைவு. சீன முறையில் உப்பிட்ட மீனை, மூக்கின் பின்புறத் தொண்டைப் புற்றுநோய்க்குக் காரணமானது என்று உலகச் சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் முதல் பிரிவில் வைத்திருக்கிறது. பிள்ளைகளுக்குக் கொடுக்கலாமா என்று தெளிவாகச் சொல்லுங்கள். ஈயே உட்காராத கருவாட்டைக் கடையில் பார்த்தால் மருந்து அடித்திருப்பார்களோ என்ற பயமும் வருகிறது.

உணவியல்_பங்சார்

அக்கா கேட்டது நியாயமான கேள்வி. அந்த வகைப்பாடு உண்மை. அது குறிப்பாகத் தென்சீன முறைக்கு உரியது. அம்முறையில் சில வகைகளுக்கு மீனை உப்பிடுவதற்கு முன் சற்று மென்மையாக விட்டுவிடுவார்கள். அதில் புற்றுநோயைத் தூண்டக்கூடிய நைட்ரோசமைன்கள் உருவாகின்றன. சிறுவயதிலிருந்தே அடிக்கடி உண்டவர்களிடம் ஆபத்து கூடுதலாகக் காணப்பட்டது. அந்த வகைப்பாட்டில் மற்ற முறைகளுக்குக் குற்றம் சொல்லப்படவில்லை என்பதால் அவை முற்றிலும் பாதுகாப்பானவை என்று கொள்ளவும் கூடாது. பால்குடி மறக்கும் குழந்தைக்கு எந்த உப்பு மீனும் வேண்டாம். பெரியவர்கள் அரிசி கழுவிய நீரில் ஊற வைத்து, நீரை மாற்றி, மேலும் ஒருமுறை ஊற வைத்தால் உப்பில் நல்ல பங்கு இறங்கிவிடும். அதன் பிறகு குழம்பில் தனியாக உப்பு போட வேண்டியதில்லை.

உப்பை விடப் பெரிய கவலை ஒன்று இருக்கிறது. காணாங்கெளுத்தி, சூரை, சாளை ஆகிய மீன்களின் சதையில் ஹிஸ்டிடின் என்ற அமினோ அமிலம் அதிகம். பிடித்த பிறகு சில மணி நேரம் வெப்பத்தில் கிடந்தால் பாக்டீரியாக்கள் அதை ஹிஸ்டமின் ஆக்கிவிடும். அதைச் சமைத்தாலும் போக்க முடியாது, உப்பிட்டாலும் போக்க முடியாது. முகம் சிவந்து, தலை வலித்து, உடம்பு தடித்துப் போவது இதனால்தான். பன்னாட்டு உணவுத் தரநிலை ஒரு கிலோவுக்கு 200 மில்லிகிராம் என்று எல்லை வைத்திருக்கிறது. சந்தையில் மாலையில் மிஞ்சிய காணாங்கெளுத்தியை மலிவாக வாங்கிக் கருவாடு போடுவதை நான் கடுமையாக எதிர்க்கிறேன். கருவாட்டுக்குப் போகும் மீன் அன்று குழம்புக்குப் போகக்கூடிய மீனாகவே இருக்க வேண்டும்.

ஈயைப் பொறுத்தவரை, அது ஈரமான, உப்பு ஏறாத மீனில்தான் முட்டையிட விரும்பும். நன்றாக உப்பேறி உலர்ந்த மீனில் ஈ குறைவாக இருப்பது இயல்பு. ஈரமாக இருந்தும் ஈ அண்டாத மீனைத்தான் சந்தேகிக்க வேண்டும்.

சௌராஸ்தா வியாபாரி

செந்நிறப் படலத்தைப் பற்றி யாரும் இன்னும் எழுதவில்லை. என் சரக்கில் இதைப் பார்த்துப் பார்த்துக் கற்றது இது. அந்தச் சிவப்பு மீனிலிருந்து வருவதில்லை, உப்பிலிருந்து வருகிறது. கடல்நீரை வெயிலில் காய்ச்சி எடுத்த உப்பில் உப்பையே விரும்பி வாழும் நுண்ணுயிர் இருக்கிறது. உப்பளங்களில் நீர் சிவந்து கிடப்பதும் அதனால்தான். உப்பைக் கூட்டினால் அது சாகாது, இன்னும் செழிக்கும். அதற்குப் பகை நல்ல நீரும் குளிரும். தொட்டியையும் பலகையையும் வாரம் ஒருமுறை உப்பில்லாத நீரால் நன்றாகக் கழுவிக் காய வைத்தால் அந்த உயிர் வெடித்து அழிந்துவிடும். ஒருமுறை பயன்படுத்திய உப்பையோ ஊறல் நீரையோ மறுமுறை எடுக்கக் கூடாது. பலர் சிக்கனம் கருதி இதைச் செய்கிறார்கள், சரக்கு முழுவதும் சிவக்கிறது. முடித்த கருவாட்டைக் குளிர்பெட்டியில் வைத்தால் படலம் ஏறுவதில்லை.

உப்பின் தரமும் முக்கியம். மக்னீசியம் மிகுந்த உப்பு நாக்கில் கசக்கும், டப்பாவில் வைத்தால் தானாகவே கசியும். அந்த உப்பைப் போட்ட மீன் எவ்வளவு காய்ந்தாலும் மழை நாளில் வியர்க்கும். சமையலுக்கு வாங்கும் மிகப் பொடியான உப்பும் ஆகாது. அது மேல்சதையைச் சட்டென்று இறுக்கிவிடுவதால் உள்ளே உப்பு இறங்காது. கசப்பில்லாத, நடுத்தரக் கல்லுப்பே சரி.

பட்டர்வொர்த் மூத்தவர்

இங்கே எழுதிய அனைவருக்கும் நன்றி. வரலாற்றுப் பக்கம் ஒன்றைச் சேர்க்கிறேன். நெய்தல் நிலப் பாடல்களிலேயே பரதவர் மகளிர் சுறாவை அறுத்து வெயிலில் உணக்கி, பறவைகளை ஓட்டிக் காவல் காக்கிறார்கள். அவ்வளவு பழைய தொழிலுக்கு ஆங்கிலேயர் ஆட்சியில் உப்புவரி பெரிய முட்டுக்கட்டையாக வந்தது. விலை ஏறிய உப்பை வாங்க முடியாமல் மீனவர்கள் உப்பு மண்ணைக் கொண்டு மீனைப் பதப்படுத்தினார்கள்; சரக்கு கெட்டது. பிரான்சிஸ் டே என்ற மீனியல் அறிஞர் இதை எடுத்துச் சொன்ன பிறகு, 1870களில் தொடங்கிச் சென்னை மாகாணக் கரையோரங்களில் அரசு மீன் உப்பிடும் முற்றங்கள் ஏற்பட்டன. அந்த முற்றங்களுக்குள் வைத்து உப்பிடும் மீனுக்கு வரியில்லாத உப்புக் கிடைத்தது. உப்பு கைக்கு எட்டாத காலத்தில் குறைந்த உப்பில் அதிகம் உலர்த்தும் திறமையே பிழைக்க வழி. நாகை முறையின் கைத்திறன் கூர்மையானதில் இதற்கும் பங்கு உண்டு என்பது என் கருத்து.

1926இல் கட்டப்பட்ட ரஜுலா கப்பல் சென்னை, நாகை, பினாங்கு வழியாகச் சிங்கப்பூர் வரை ஓடியபோது, என் தந்தையின் கூட்டாளிகள் பனையோலைக் கூடைகளில் கருவாடு கட்டிக்கொண்டு இறங்குவார்கள். தோட்டங்களில் அரிசிக்குத் துணை பெரும்பாலும் கருவாடுதான். அந்தத் தலைமுறையை வளர்த்த உணவைப் பற்றி நாம் இவ்வளவு குறைவாக எழுதி வைத்திருப்பது எனக்கு வருத்தம் தருகிறது. குறிப்பாக, கத்தி பிடித்த பெண்களின் பெயர்கள் எங்கும் இல்லை.

தெலுக் கும்பார்வாசி

ஐயாவுக்கும் மற்ற அனைவருக்கும் நன்றி. நண்பர் ஒருவர் நெகிழித்தாள் போர்த்திய சூரிய உலர்த்தியை வாங்கச் சொல்கிறார். உள்ளே வெப்பம் கூடும், ஈ வராது, மழை படாது. இது தகுமா?

அக்கரைப்பேட்டை மகள்

அண்ணா, எனக்கு அதில் முழுச் சம்மதம் இல்லை. எங்கள் ஊரில் ஒருவர் அப்படிப் போட்ட வஞ்சிரத்தை நான் பார்த்திருக்கிறேன். மேலே பலகை போல் காய்ந்திருந்தது. பிளந்தால் முள்ளோரம் பச்சையாகவே இருந்தது.

உணவியல்_பங்சார்

சகோதரி கண்டது உண்மை. தொடக்கத்திலேயே வெப்பம் மிகுந்தால் மேற்பரப்பு இறுகி ஓடு கட்டி, உள் ஈரத்துக்கு வழியடைத்துவிடும். ஆனால் உலர்த்தியில் 45 டிகிரியைத் தாண்டும்போது ஈப்புழுக்கள் சாகின்றன என்பதும் உண்மை. இந்த நாட்டு மழைக்கு அது பெரிய துணை. ஆகவே முதல் நாள் உலர்த்தியின் இரு முனைகளையும் திறந்து வைத்துக் காற்றோட்டத்தில் காயட்டும். மேல் ஈரம் போன இரண்டாம் நாளிலிருந்து பாதி மூடலாம். கனத்த வஞ்சிரத்தை இதில் போட வேண்டாம். சிறிய பன்னா, வாளை போன்ற மெல்லிய மீனோடு தொடங்குங்கள்.

மாதம் ஜனவரி அல்லது பிப்ரவரி. பினாங்கில் மழை குறைந்த பருவம் அதுதான். உப்பு, மூன்று பங்கு மீனுக்கு ஒரு பங்கு. மாலை நான்கு மணிக்குள் வாரியெடுத்து, குவித்து, காற்றுப் புகாத பெட்டியில் மூடிவிடுங்கள். அத்தை சொன்ன இரவுக் குவியல் இங்கேயும் தேவை, திறந்த பாய்க்குப் பதில் மூடிய பெட்டி என்ற ஒரே மாற்றத்துடன்.

சௌராஸ்தா வியாபாரி

பெட்டியைப் பற்றி ஒரு திருத்தம். வெயிலிலிருந்து எடுத்த சூட்டோடு மூடினால் மூடியின் உட்புறம் நீர் முத்து முத்தாகக் கோக்கும், அது மீன்மேல் சொட்டும். நிழலில் அரை மணி நேரம் ஆறவிட்டு, மேலே ஒரு பருத்தித் துணியை விரித்து, அதன் பிறகு மூடுங்கள். பன்னா வேண்டுமென்றால் சந்தையில் கெலாமா என்று கேளுங்கள். விடியற்காலையில் வந்தால் அன்று இறங்கிய மீனாகவே பார்த்து எடுத்துத் தருகிறேன்.